காய்ச்சல் போட்ட கோடு

டெங்கு வந்து போய்ச் சில மாதங்கள் ஆகின்றன. இன்று நகம் வெட்டும்போது கட்டைவிரல் நகத்தில் குறுக்காக ஒரு பள்ளம் தட்டுப்பட்டது. உடனே செல்லூர் வீட்டில் அம்மா சூடாக்கும் தேங்காய் எண்ணெயின் மணம் மூக்கில் ஏறியது.

எண்பதுகளின் தொடக்கம் அது. டைபாய்டில் பிழைத்து எழுந்த எனக்கு எல்லா நகத்திலும் இதே கோடு. பக்கத்து வீட்டு அத்தை கண்ணாடிச் சில்லோடு சுரண்டிவிட வந்தார். அம்மா என் கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள்.

"சுரண்டாதீக மதினி, நகம் மெலிஞ்சுபோகும். காய்ச்சல்ல வளராம நின்னுருக்கு, அம்புட்டுத்தேன். தானா வளந்து வெளிய போயிரும்."

தறி வேலை முடிந்து வந்த களைப்பிலும் தினமும் வெதுவெதுப்பான எண்ணெயை என் நகக்கண்களில் தேய்ப்பாள். கோடு மெல்ல நுனிக்கு நகர்ந்தது. கடைசித் துண்டை வெட்டிய அன்று, "போச்சு பாரு காய்ச்சல்" என்று சிரித்தாள்.

அப்போதுதான் பாதி பிளேடைப் பிடித்திருந்த அவள் விரல்களைக் கவனித்தேன். அவள் நகங்களிலும் அதே கோடு. நுனியைத் தொட இன்னும் கொஞ்சம் தூரம் இருந்தது.

"ஒனக்கும் காய்ச்சலாம்மா?"

"இருந்துச்சு. படுக்கத்தேன் நேரமில்ல."