முந்தாநாள் பூனை

இது உண்மையில் நடந்தது. நான் கதை கட்டுகிற ஆள் இல்லை, பார்சல் கட்டுகிற ஆள். லாரி ஷெட்டில் சணல் கயிறும் நானுமாகக் காலம் தள்ளுகிறேன். நம்பாதவர்கள் சிரித்துவிட்டுப் போங்கள், எனக்கொன்றும் நஷ்டமில்லை.

என் மனைவிக்கு மூச்சிரைப்பு உண்டு. போன வருடம் ஒரு நாள் காலையில், இன்ஹேலர் தீரப்போகிறது, வரும்போது வாங்கி வாருங்கள் என்று சொல்லி அனுப்பினாள். சாயங்காலம் வாங்கிக்கொண்டு வந்தேன். சமையலறை ஜன்னலுக்குக் கீழே உயிரில்லாமல் கிடந்தாள். சும்மா உட்காரத் தெரியாதவள். துருப்பிடித்த ஜன்னல் கம்பிக்கு நீல பெயிண்ட் அடிக்க ஆரம்பித்திருக்கிறாள். அந்த வாடை அவளுக்கு ஆகவில்லை. பழைய இன்ஹேலர் காலியாகி, பக்கத்தில் உருண்டு கிடந்தது.

கம்பியில் பாதி நீலம், பாதி துரு. மீதியை அடிக்க எனக்கு மனசு வரவில்லை. நான் வாங்கி வந்த இன்ஹேலரும் பிரிக்காமல் அலமாரியிலேயே இருந்தது.

அந்தப் பூனை இந்த வருடம்தான் ஷெட்டுக்கு வர ஆரம்பித்தது. சாம்பல் நிறம். வாலில் இரண்டு மடிப்பு. வெயில் கொளுத்துகிற நாளில் சொட்டச் சொட்ட நனைந்து வரும். அடைமழையில் உடம்பில் ஒரு துளி ஈரம் இல்லாமல் வரும்.

எங்கள் டிரைவர் ஒருவருக்கு அண்டப்புளுகு என்று பட்டப்பெயர். அவர்தான் சொன்னார்.

"இது முந்தாநாள் பூனைண்ணே. சாதியே வேற. எந்த நாள்லேருந்து வருதோ, அந்த நாளுக்கே திரும்பிப் போயிடும்."

நாங்கள் வயிறு வலிக்கச் சிரித்தோம்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, விளக்கு வைக்கிற நேரம். கரண்ட் இல்லை. சமையலறையில் டீ போட்டுக்கொண்டிருந்தேன். திடீரென்று பெயிண்ட் வாடை. புதுப் பெயிண்ட். பக்கத்து வீட்டில் அடிக்கிறார்கள் போல என்று நினைத்தேன்.

தொப்...

ஜன்னல் கம்பி வழியாக ஷெட்டுப் பூனை குதித்து நின்றது. தரையில் அதன் காலடிகள். நீல நிறத்தில்.

தொட்டேன். விரலில் ஒட்டியது. ஈரம்.

கம்பியைத் தொட்டுப் பார்த்தேன். காய்ந்துபோன நீலம். அதன் மேல் ஒரு வருடத் தூசி.

பூனை என் காலில் உரசியது. அதன் முதுகைப் பார்த்தேன்... நாலு விரல் தடம். கழுத்திலிருந்து வால் வரைக்கும். நீலமாக. பளபளவென்று.

யாரோ தடவிக்கொடுத்திருக்கிறார்கள்.

இப்போதுதான்.

எனக்குப் பயம் பாதி, ஆசை பாதி. பூனை வந்த இடத்தில் அவள் உயிரோடு இருக்கிறாள். பெயிண்ட் அடித்துக்கொண்டிருக்கிறாள். இன்னும் மூச்சு இரைக்கவில்லை.

அலமாரிக்கு ஓடினேன். பெட்டியைக் கிழித்து இன்ஹேலரை எடுத்தேன். போகிற இடத்தில் மழையோ என்னவோ, நனையக் கூடாதே என்று பிளாஸ்டிக் தாளில் சுற்றினேன். சட்டைப்பையில் எப்போதும் சணல் இருக்கும். நாலு பக்கமும் கயிறு போட்டு, வழியில் அவிழ்ந்துவிடாதபடி பல்லால் இழுத்து இறுக்கினேன். பூனையின் கழுத்தில் மாட்டினேன்.

"அவகிட்ட குடுத்துடு. சீக்கிரம்."

பூனையிடம் பேசுகிறேன். அழுதுகொண்டே பேசுகிறேன்.

அது ஜன்னலில் ஏறியது. வெளியே குதித்தது.

விழுந்த சத்தம் கேட்கவில்லை...

குனிந்து தரையைத் தொட்டேன். காலடிகள் காய்ந்திருந்தன. நகத்தால் சுரண்டினால் உதிர்ந்தது, வருடக்கணக்கில் கிடந்த பெயிண்ட் மாதிரி.

காத்திருந்தேன்.

பாத்திரச் சத்தம் கேட்கும். இருமல் கேட்கும். "எப்ப வந்தீங்க?" என்று கேட்பாள்...

ஒன்றும் கேட்கவில்லை.

விடிந்தபோது கம்பியில் பாதி நீலம், பாதி துரு. பூனை அதற்குப் பிறகு வரவே இல்லை. அண்டப்புளுகிடமும் நான் எதையும் சொல்லவில்லை.

அடுத்த வாரம் அக்கா வந்தாள். சமையலறைத் தரையில் நீலக் கறையைப் பார்த்ததும் உடைந்துபோனாள். அன்றைக்கு என் மனைவியின் கையிலிருந்த பெயிண்டைத் துடைத்துவிட்டவள் அவள்தான். இது அன்றைய கறை என்று நினைத்திருக்கிறாள். வெகுநேரம் அழுதுவிட்டுச் சொன்னாள்.

"நீ தாங்க மாட்டேன்னு ஒண்ணு சொல்லாமலே வச்சிருந்தேன்டா. அவ விரல்ல நகமெல்லாம் பிஞ்சிருந்துச்சு. உள்ள பூரா சணல் நாரு. பெயிண்ட் அடிச்சவ கையில சணல் எப்படிடா வந்துச்சு?"

என் கை சட்டைப்பையிலிருந்த சணல் மேல் போனது.

இன்ஹேலர் போய்ச் சேர்ந்திருக்கிறது. பூனையின் கழுத்தில் தொங்கியபடியே அவள் கைக்குக் கிடைத்திருக்கிறது. பிரியாத பொட்டலத்தோடு பூனை போய்விட்டிருக்கிறது.

நான் போடுகிற முடிச்சு, லாரி எவ்வளவு குலுங்கினாலும் அவிழாது. வாங்குகிறவர்கள் கத்தி வைத்துத்தான் அறுப்பார்கள். அவள், மூச்சு முட்ட முட்ட, வெறும் விரலால் அவிழ்க்கப் பார்த்திருக்கிறாள்.