என் தொண்டையில் இருந்த பையன்

அந்தப் பையனுக்கு நான் குரல் கொடுக்க ஆரம்பித்தபோது எனக்குக் கல்யாணம் ஆகியிருக்கவில்லை. சென்னையில் ஒரு நாடகக் குழுவில் நடித்துக்கொண்டிருந்தேன். மைக் வைத்துக்கொள்ளாத குழு. வசனம் கடைசி வரிசைக்குக் கேட்காவிட்டால் அன்றைக்கு நடித்ததாகவே யாரும் ஒப்புக்கொள்ள மாட்டார்கள். குழுவில் என்னோடு நடித்த ஒருவர் பகலில் டப்பிங் இயக்குநராக வேலை பார்த்தார். ஜப்பானியக் கார்ட்டூன் தொடர் ஒன்று தமிழில் வரப்போகிறது, கதாநாயகன் சின்னப் பையன், வந்து பேசிப் பார் என்று கூப்பிட்டார். இந்த மாதிரித் தொடர்களில் சிறுவர்களுக்குப் பெரும்பாலும் பெண்கள்தான் பேசுவார்கள். நிஜப் பையனை வைத்துப் பேசவைத்தால் தொடர் முடிவதற்குள் அவனுக்குக் குரல் உடைந்துவிடும்.

கடலில் காணாமல் போன அண்ணனைத் தேடி, அப்பாவின் மீன்பிடிப் படகை எடுத்துக்கொண்டு கிளம்பும் பையன் அவன். வாய் ஓயாது. எல்லோரிடமும் சண்டைக்குப் போவான், தோற்பான், மூக்கைத் துடைத்துக்கொண்டு மறுபடியும் போவான். கண்ணாடி அறைக்குள் நின்றுகொண்டு, திரையில் அவன் வாய் திறக்கும்போது நானும் திறக்க வேண்டும். அடிவாங்கும்போது, மூச்சிரைக்கும்போது, தண்ணீரில் விழும்போது வருகிற ஓசைகள்தான் வசனத்தைவிடக் கஷ்டம். ஒரு நாள் முழுக்க விழுந்து எழுந்துவிட்டு வீட்டுக்கு வந்தால் உடம்பெல்லாம் வலிக்கும். ஆனாலும் அவன் எனக்கு ரொம்பச் சுலபமாக வந்தான். என் தொண்டையில் ஏதோ ஓரிடத்தில் ஏற்கெனவே உட்கார்ந்திருந்த மாதிரி.

கல்யாணமாகி நியூசிலாந்தில் ஆக்லாந்துக்கு வந்த பிறகும் அவனை விடவில்லை. கணவருக்கு நகரத்தில் கம்ப்யூட்டர் வேலை. ஏவன்டேலில் ரயில் பாதைக்குப் பக்கத்தில் வாடகைக்கு ஒரு வீடு. படுக்கையறை அலமாரிக்குள் கம்பளிகளையும் மெத்தை விரிப்புகளையும் தொங்கவிட்டு, நடுவில் மைக்கை நிறுத்தி, அதுதான் என் ஸ்டுடியோ என்று சொல்லிக்கொண்டேன். சென்னையில் இயக்குநர் காலையில் ஸ்டுடியோவுக்கு வந்து இணையத்தில் கூப்பிடும்போது இங்கே சாயங்காலமாகியிருக்கும். ரயில் போனால் நிறுத்துவோம். தகரக் கூரையில் மழை விழுந்தால் அன்றைக்கு வேலை அவ்வளவுதான். "என்னம்மா உங்க ஊர்ல எப்பவும் மழையா?" என்று அலுத்துக்கொள்வார்.

மேடையையும் மெல்லப் பிடித்துக்கொண்டேன். முதலில் தமிழ்ச் சங்க விழாக்களில் நடித்தேன். பிறகு மவுண்ட் ஆல்பர்ட்டில் ஓர் ஆங்கில நாடகக் குழு என்னைச் சேர்த்துக்கொண்டது. துணி துவைக்கும் கடை ஒன்றில் மூன்று பெண்கள் சந்திக்கிற நாடகம். அலுவலகங்களில் துப்புரவு வேலை பார்க்கும் பெண்ணாக நான். இரண்டாம் பாதியில் எனக்கென்று ஒரு நீண்ட பேச்சு இருந்தது. அதை மனப்பாடம் செய்துகொண்டே ரயிலில் போவேன், வருவேன். வந்த நாட்டில் எனக்கு ஓர் இடம் கிடைத்துவிட்டது என்று நான் நினைத்தது அந்த மாதங்களில்தான்.

அப்போதுதான் கழுத்தில் கட்டி தெரிந்தது. தைராய்டு. எடுத்துவிட வேண்டும் என்றார்கள். குரலுக்குப் போகும் நரம்பு அந்த இடத்தை ஒட்டித்தான் ஓடுகிறது, அபூர்வமாக அது பாதிக்கப்படலாம் என்பதையும் மருத்துவர் முன்கூட்டியே சொன்னார். நான் குரலை வைத்துப் பிழைப்பவள் என்று சொன்னபோது கூடுதல் நேரம் உட்கார்ந்து விளக்கினார். கட்டி வளர்ந்துகொண்டிருந்ததால் வேண்டாம் என்று சொல்லவும் வழியில்லை.

கண் விழித்ததும் நர்ஸ் என்னவோ கேட்டார். பதில் சொன்னேன். காற்றுதான் வந்தது. மயக்க மருந்தால் இப்படி இருக்கும், தொண்டையில் குழாய் வைத்திருந்தார்கள் இல்லையா என்றார். நானும் நம்பினேன். வாரக்கணக்கில் நம்பினேன். பிறகு மூக்கு வழியாகச் சின்னக் கேமராவை இறக்கி, திரையில் காட்டினார்கள். இரண்டு வெள்ளை மடிப்புகள், குரல் நாண்கள். ஒன்று அசைந்தது. மற்றது சும்மா கிடந்தது. நரம்பை வெட்டவில்லை, தவறாக எதுவும் நடக்கவில்லை, சில நேரம் இப்படி ஆகிவிடுகிறது, தானாகத் திரும்பலாம், திரும்பாமலும் போகலாம், காத்திருக்கத்தான் வேண்டும் என்றார் மருத்துவர். அவர் முகத்திலும் வருத்தம் இருந்தது. கோபப்படுவதற்கு எனக்கு ஒருவரும் அகப்படவில்லை.

சென்னையிலிருந்து இயக்குநர் கூப்பிட்டார்.

"ஹலோ? லைன்ல இருக்கியாம்மா?"

"இருக்கேன் சார்."

"ஒண்ணுமே கேக்கல. சிக்னல் சரியில்ல போல. கட் பண்ணிட்டுக் கூப்பிடறேன்."

திரும்பத் திரும்பத் துண்டித்துவிட்டுக் கூப்பிட்டார். நான் ஒவ்வொரு தடவையும் "இருக்கேன் சார்" என்று சொல்லிக்கொண்டேதான் இருந்தேன். கடைசியில் போனைக் கணவரிடம் கொடுத்தேன். அவர் விவரம் சொன்னார்.

"எப்போ சரியாகும் தம்பி?"

"தெரியல சார். மாசக்கணக்குல ஆகலாம்ங்கிறாங்க."

"அடடா. கடைசி எபிசோடெல்லாம் வந்து எறங்கிடுச்சே. சேனல்ல தேதி சொல்லிட்டாங்க. அவன் அண்ணனக் கண்டுபிடிக்கிற எடம்ப்பா..."

கொஞ்சம் பொறுக்கச் சொல்லுங்க, கேளுங்க என்று கணவரிடம் வாயசைத்தேன். அவர் என்னைப் பார்த்தார். பார்த்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். "நீங்க ஆக வேண்டியதப் பாருங்க சார்" என்று சொல்லி போனை வைத்துவிட்டார்.

"ஏன் கேக்கல?" என்றேன்.

"அவரால முடியாதுன்னு உனக்கே தெரியும். கேட்டா அவருக்கும் சங்கடம், உனக்கும் சங்கடம்."

"அது என்னோட வேலை. நான்தான முடிவு பண்ணணும்?"

"என்ன சொல்ற? கேக்கல. மெதுவா சொல்லு. ஸ்பீச் தெரபிஸ்ட் உன்னக் கத்தக் கூடாதுன்னு சொல்லியிருக்காங்க."

சண்டை போடுவதற்கும் குரல் வேண்டும் என்பதை அன்றைக்குத்தான் கண்டேன். நான் எவ்வளவு ஆத்திரப்பட்டாலும் காதில் விழுவது ரகசியம் சொல்கிற மாதிரிதான். அவர் குனிந்து காதைக் கொடுத்தார். அந்தக் குனிவைப் பார்த்ததும் மேற்கொண்டு ஒன்றும் சொல்லத் தோன்றவில்லை. தப்பு அவருடையதும் இல்லை.

ஜப்பானிய மூலத்தில் பார்த்திருந்த அந்தக் கடைசிக் கட்டத்தைப் பல வருஷங்களாக மனதுக்குள்ளும் வாய்விட்டும் சொல்லிப் பார்த்திருக்கிறேன். பெரிய வசனமெல்லாம் கிடையாது. பையன் படகின் விளிம்பில் ஏறி நின்று "அண்ணா!" என்று கத்துவான். ஒரு சொல். அதற்குள் அத்தனை அத்தியாயங்களும் இருக்க வேண்டும். பாத்திரம் கழுவும்போதும் குளிக்கும்போதும் அதை ஒவ்வொரு விதமாகக் கத்திப் பார்க்கப்போய், பக்கத்து வீட்டு ஸமோவா நாட்டு அம்மா ஒரு நாள் கதவைத் தட்டி எல்லாம் சரியா என்று கேட்டுவிட்டுப் போனதும் உண்டு.

நாடகக் குழு என்னிடம் மிகவும் அன்பாக நடந்துகொண்டது. அவசரமே இல்லை, உனக்காகக் காத்திருப்போம் என்றார் இயக்குநர் பெண்மணி. ஒத்திகையில் என் வசனத்தை வேறொருவர் படிக்க, நான் மேடையில் நடந்து காட்டினேன். பிறகு படித்தவரே நடக்கவும் ஆரம்பித்தார். ஃபிஜியிலிருந்து வந்த இந்தியப் பெண், நல்ல நடிகை. நாடகம் அரங்கேறிய அன்று எனக்கு முன்வரிசையில் இடம் போட்டிருந்தார்கள். அவளுடைய நீண்ட பேச்சு வந்தபோது என் உதடுகள் அசைந்துகொண்டிருந்தன. கைதட்டினேன். பூங்கொத்துக் கொடுத்தார்கள், வாங்கிக்கொண்டேன். வேறு என்ன செய்ய?

குளிர்காலத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை நடந்ததை மட்டும் இன்னும் என்னால் நிதானமாக நினைத்துப் பார்க்க முடியவில்லை. ஏவன்டேல் ஞாயிறு சந்தைக்குப் போயிருந்தோம். மகளுக்கு அப்போது ஐந்து வயது. கணவர் மீன் வரிசையில் நின்றிருந்தார். நான் கொத்தமல்லிக் கட்டுகளைப் புரட்டிக்கொண்டிருந்தேன். குனிந்து நிமிர்ந்தபோது பக்கத்தில் மகள் இல்லை.

கூப்பிட்டேன். வாய் திறந்தது, வயிறு உள்ளே போனது, கழுத்து நரம்பெல்லாம் புடைத்தது. பக்கத்தில் சேப்பங்கிழங்கு பொறுக்கிக்கொண்டிருந்த ஆள்கூடத் திரும்பவில்லை. அதோ, கூட்டத்துக்கு அப்பால், கார்கள் நுழைகிற வாசல் பக்கமாக மஞ்சள் மழைக்கோட்டுப் போட்ட ஒரு சின்ன உருவம் போய்க்கொண்டிருந்தது. ஓடினேன். கூடைகள், தள்ளுவண்டிகள், சைக்கிள். எல்லோரையும் இடித்தேன். மன்னிப்புக் கேட்டதும் யாருக்கும் கேட்டிருக்காது. பைத்தியம் என்று நினைத்திருப்பார்கள்.

ஒரு பெண் என் கையைப் பிடித்து நிறுத்தினார். நெற்றியில் திருநீறு, தோளில் துணிப்பை.

"என்னம்மா? பிள்ளையைக் காணேல்லையோ?"

தலையாட்டினேன். தூரத்தில் தெரிந்த மஞ்சள் கோட்டைக் கையால் காட்டினேன். பெயரைச் சொன்னேன்.

"விளங்கேல்லை. உரத்துச் சொல்லுங்கோ."

மறுபடி சொன்னேன். மறுபடியும். காதை என் வாயோடு வைத்துக் கேட்டும் சந்தை இரைச்சலில் அவருக்குப் பிடிபடவில்லை. என் தொண்டையைத் தொட்டுக் காட்டி இல்லை என்று கையை விரித்தேன். சட்டென்று அவருக்குப் புரிந்துவிட்டது. பையைத் தரையில் போட்டுவிட்டு, இரண்டு கைகளையும் வாயருகில் குவித்துக்கொண்டு கத்தினார்.

"மஞ்சள் கோட்டுப் போட்ட பிள்ளை! அங்கால போகாதேங்கோ! அம்மா இஞ்ச நிக்கிறா! அம்மா இஞ்ச!"

என்ன குரல் அது! சந்தையே ஒரு கணம் திரும்பிப் பார்த்தது. மஞ்சள் கோட்டும் நின்றது. இந்த ஊரில் முதுகுக்குப் பின்னால் அம்மா என்று யாராவது கத்தினால் அது தன்னுடைய அம்மாதான் என்று என் மகள் நினைத்திருக்க வேண்டும். திரும்பி எங்களைப் பார்த்தாள். அவளுக்குப் பின்னால் ஒரு வேன் வளைந்து உள்ளே வந்தது.

அவளை அள்ளியெடுத்து அழுதபோதும் சத்தம் வரவில்லை. அந்தப் பெண் என் முதுகைத் தடவிக்கொண்டே நின்றார். "ஒண்டுமில்லை, ஒண்டுமில்லை. கிடைச்சிட்டாதானே." கணவர் மீன் பையோடு வந்து என்ன ஆச்சு என்று கேட்டார். அந்தப் பெண்தான் சொன்னார். நன்றியையும் என் கணவர்தான் சொன்னார். நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அதற்குப் பிறகு மகளுடன் தனியாக வெளியே போகப் பயந்தேன். கழுத்தில் ஒரு விசில் மாட்டிக்கொண்டேன். ஸ்பீச் தெரபிஸ்ட் அது நல்ல யோசனை என்று பாராட்டினார். ஒரு காலத்தில் அரங்கம் முழுக்கக் கேட்கப் பேசியவள், மகளைப் பூங்காவில் விசில் ஊதிக் கூப்பிட்டேன். அவளுக்கு அது விளையாட்டாக இருந்தது. நாய்களும் திரும்பிப் பார்த்தன.

வசந்தம் வந்து மரங்கள் பூத்த சமயத்தில் தொடரின் கடைசி அத்தியாயம் வெளியானது. என் மகள் தமிழில் காது கொடுத்துக் கேட்பது அந்தப் பையனை மட்டும்தான். நாங்கள் தமிழில் எதைக் கேட்டாலும் ஆங்கிலத்தில்தான் பதில் சொல்வாள். சோபாவில் என் மேல் சாய்ந்துகொண்டு பார்த்தாள். புதுக்குரல் யாருடையது என்று எனக்குத் தெரியாது, கேட்டுக்கொள்ளவும் இல்லை. நன்றாக இல்லாமல் இருந்திருந்தால் மனம் ஆறியிருக்கும். நன்றாக இருந்தது. என் இழுவைகளை, என் மூக்குறிஞ்சலை எல்லாம் அந்தப் பெண் கவனமாகப் படித்திருந்தாள். பையன் படகின் விளிம்பில் ஏறினான். "அண்ணா!" என்று கத்தினான். நான் நினைத்து வைத்திருந்த மாதிரி இல்லை. அதைவிடக் கொஞ்சம் சின்னதாக, நம்ப முடியாதவனைப் போல, கடைசியில் லேசாக உடைந்து. எனக்கு ஏன் இது தோன்றவில்லை என்றுதான் முதலில் நினைத்தேன்.

மகள் எழுந்து உட்கார்ந்து என்னைப் பார்த்தாள்.

"அம்மா! யுவர் வாய்ஸ் இஸ் பேக்!"

இல்லை என்று தலையசைத்தேன்.

"பட் தட்ஸ் யூ."

"நான் இல்லடா. வேற அக்கா."

அவளுக்குக் கேட்டதோ இல்லையோ, நம்பவில்லை. என் இரண்டு கன்னங்களையும் பிடித்துக்கொண்டு, "சொல்லு. அண்ணான்னு சொல்லு" என்றாள். எப்போதாவதுதான் அவள் வாயில் தமிழ் வரும். அதற்காகவாவது ஒரு தடவை வந்துவிடக் கூடாதா என்று முழு மூச்சையும் இழுத்துச் சொன்னேன். காற்று. அவள் நெற்றி முடி லேசாக அசைந்தது. "இட்ஸ் ஓகே, அம்மா" என்று என் கையைத் தட்டிக்கொடுத்தாள். பிறகு முதல் அத்தியாயத்தைப் போட்டுக்கொண்டாள். அதில் நான் பேசிக்கொண்டிருந்தேன்.

கோடையில் அசையாத மடிப்புக்குள் ஏதோ களிம்பு போன்ற ஒன்றை ஊசியில் ஏற்றினார்கள். அது பருத்து மற்றதைத் தொட்டால் ஓசை வருமாம். வந்தது. கரகரப்பான, தாழ்ந்த ஒரு குரல். அரை மணி நேரம் பேசினால் களைத்துவிடும், கத்தவே முடியாது, மேலே ஏறாது. மருத்துவர் சந்தோஷப்பட்டார். போனில் பேசலாம், வேலைக்குப் போகலாம் என்றார். வீட்டில் பாயசம் வைத்தோம். அந்தக் குரலில் முதன்முதலாக மகளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டபோது அவள் திரும்பிப் பார்த்துவிட்டு யார் கூப்பிட்டது என்று அப்பாவிடம் கேட்டாள். இப்போது பழகிவிட்டாள்.

சென்னைக்கு ஒரு மாதிரிப் பதிவு அனுப்பினேன். கிழவி, சூனியக்காரி, பேசும் திமிங்கிலம் என்று எனக்குத் தோன்றியதையெல்லாம் பேசி அனுப்பினேன். "ரொம்ப நல்லாருக்கும்மா. ஆனா இந்தக் குரலுக்கு இங்கயே ஆள் இருக்காங்களே" என்று இயக்குநர் பதில் அனுப்பினார். அவர் பொய் சொல்கிறவர் இல்லை.

இப்போது ஒரு பல் மருத்துவமனையில் வரவேற்பு வேலை. போன மாதம் மவுண்ட் ஆல்பர்ட் நாடகக் குழு புதிய நாடகத்துக்கு ஆள் எடுப்பதாகச் சொன்னார்கள், போனேன். ஒரு பக்கத்தைப் படிக்கச் சொன்னார்கள். கடைசி வரிசைக்குக் கேட்கும்படி உயர்த்திப் படித்ததில் முக்கால் பக்கம் வரைதான் குரல் இருந்தது. அதற்குப் பிறகு போய்விட்டது. நிறுத்து என்று யாரும் சொல்லவில்லை, அதனால் மீதியைக் காற்றிலேயே படித்து முடித்தேன். இயக்குநர் பெண்மணி எழுந்து வந்து அணைத்துக்கொண்டார். தகவல் சொல்கிறோம் என்றார். நான் சரி என்றேன். வெளியே மழை, குடை கொண்டுபோகவில்லை. நனைந்துகொண்டே ஸ்டேஷனுக்கு நடந்து ரயில் பிடித்தேன்.

இதை எழுதும் வரை அவர்களிடமிருந்து தகவல் இல்லை.