எர்மெலிந்தா வாங்காத டெண்டர்

1998 மார்ச் ஒன்பதாம் நாள், திங்கட்கிழமை, காலை எட்டரை மணிக்கு எர்மெலிந்தாவை முதன்முதலாகச் சந்தித்தேன். லீமாவுக்கு வெகுதொலைவில் உள்ள மலையூரான ஒக்ரோபாட்டாவின் நகராட்சியில் கணக்கராகச் சேர வந்திருந்தேன். மனுக்கள் வாங்கும் ஜன்னலுக்கு அப்பால் அமர்ந்திருந்த அவர் என் சான்றிதழைத் திருப்பி நீட்டினார். "கையெழுத்து இருக்கு, சீல் இல்ல. வாங்கிட்டு வாங்க, இன்ஜினியரே." அந்த ஊரில் கோட்டு அணிந்தவர் எல்லாரும் இன்ஜினியர்தான். மலையேறி வந்த என் களைப்பைக் கண்டதும் அவித்த சோளமும் பாலாடைக்கட்டியும் எடுத்து வைத்தார். சீலைப் பற்றி மட்டும் மனம் மாறவில்லை.

பள்ளிக்கூடத்தின் கூரை இடிந்த ஆண்டில் நகர்மன்றம் ஒரு விதி செய்தது: குற்ற வழக்கு நிலுவையில் உள்ள ஒப்பந்தக்காரரிடம் டெண்டர் உறை வாங்கக்கூடாது. அதற்குக் கைதட்டிய அதே மன்றம், கட்டப்போகும் பாலத்துக்கு ஞானத்தந்தையாகச் சதுர்னினோவைத் தேர்ந்தெடுத்து அழைப்பிதழும் அச்சிட்டது. திறப்புவிழாவில் ரிப்பனில் தொங்கும் மதுப்புட்டியைச் சுத்தியலால் உடைக்க வேண்டியவர் ஞானத்தந்தை. இடிந்த கூரையைப் போட்ட ஒப்பந்தக்காரராக வழக்கில் நின்றவரும் அந்தச் சதுர்னினோதான். ஆனால் அது ஒருவருக்கும் உறுத்தவில்லை. ஊரில் பாதிக் குழந்தைகளுக்கு முதல் முடி வெட்டிய ஞானத்தந்தை அவர். எர்மெலிந்தாவின் மகனுக்கும் அவரே வெட்டினார். அன்று முதல், பிள்ளை வழியில் உறவானவர்களாக, அவரை இவர் கொம்பாத்ரே என்றும் இவரை அவர் கொமாத்ரே என்றுமே அழைத்தனர்.

டெண்டரின் கடைசி நாள் முற்பகலில் சதுர்னினோ உறையோடு ஜன்னலுக்கு வந்தார்.

"வாங்கிக்குங்க கொமாத்ரே. இந்தப் பாலம் கெடைக்கலன்னா மிக்சர் மெஷினயும் வித்துட்டு லீமாவுக்கு மூட்ட தூக்கத்தான் போகணும்."

"வழக்கு முடியட்டும், கொம்பாத்ரே."

"வழக்குதானே போட்டிருக்கான், தண்டனையா குடுத்துட்டான்? நான் குத்தவாளியா?"

"நான் அப்படிச் சொன்னேனா? வழக்கு இருக்கா இல்லையான்னுதான் விதி கேக்குது. இருக்கு."

"உங்க பையனுக்கு முடி வெட்டுன கை இது!"

"அந்தக் கைக்கு வேணா முத்தம் குடுக்குறேன். உறைய பையில வைங்க."

மேயர் மாடியிலிருந்து இறங்கி வந்தார். "அழைப்பிதழ் அடிச்சாச்சும்மா, மானம் போயிடும்!"

"புட்டி உடைக்கத்தானே அவர் பேரு போட்டிருக்கு? தாராளமா உடைக்கட்டும். பாலத்த வேற ஆள் கட்டட்டும்."

நண்பகல் மணி அடித்ததும் ஜன்னலை மூடினார். பாலத்தை வேறொருவர் கட்டினார்; சதுர்னினோ புட்டி உடைக்க வரவில்லை. அவர் வீட்டார் எர்மெலிந்தாவுக்கு வணக்கம் சொல்வதையும் நிறுத்தினர்.

சதுர்னினோவுக்குத் தெரியாத ஒன்று இருந்தது. வழக்குத் தொடங்கியபோதே எர்மெலிந்தா அவருடைய வக்கீலிடம் சென்று, தம்மையும் சாட்சியாகச் சேர்க்கச் சொல்லியிருந்தார். விசாரணை நாளில் நீதிமன்றத்தில் அவர் நின்று சொன்னார்: கூரை போடும் முன், நகராட்சிக்கு எதிரே உள்ள பள்ளி முற்றத்திலிருந்து சிமென்ட் மூட்டைகளை நகராட்சி லாரியே திரும்ப ஏற்றிச் சென்றது, சதுர்னினோ லாரியின் முன்னால் நின்று கத்தியும் கேட்பாரில்லை, இதை என் ஜன்னலிலிருந்து கண்ணாரக் கண்டேன். சதுர்னினோ விடுதலையானார். எர்மெலிந்தாவைக் கல்லறைப் பதிவு அறைக்கு மாற்றினார் மேயர். "இங்க யாரும் சண்டைக்கு வர்றதில்ல," என்று சிரித்தார் எர்மெலிந்தா. அடுத்த மேயர்தான் அவரை மீண்டும் ஜன்னலுக்கு அழைத்தார்.

விடுதலையான வாரத்தின் ஞாயிறன்று, சந்தை நடுவே சதுர்னினோ தொப்பியைக் கழற்றினார். "கொமாத்ரே, நான் உங்களுக்கு ஐனி பட்டிருக்கேன்." உழைப்புக்கு உழைப்பால் தீர்க்கும் கடன் அது. "உங்க கொல்லைச் செவுரு சாஞ்சு நிக்குது. நானே வந்து எழுப்பித் தரேன்."

"நான் ஜன்னல்ல உக்காந்திருக்கிற வரைக்கும் வேணாம்."

ஓய்வு பெற்ற பிறகும் எர்மெலிந்தா அந்தச் சுவரை எழுப்பித் தரக் கேட்கவில்லை. ஏன் என்று ஒருநாள் நான் கேட்டேன். "கேட்டா, அன்னிக்குக் கோர்ட்ல சொன்னது கூலிக்குச் சொன்னதாயிடும், இன்ஜினியரே," என்றார்.

மழைக்காலம் முடிந்ததும் ஆண்டுதோறும் சதுர்னினோ மட்டப்பலகையும் கையுமாக வந்துவிடுவார். எர்மெலிந்தா அவருக்குச் சூடாகச் சூப் கொடுத்து, அடுத்த வருஷம் பார்க்கலாம் என்று அனுப்பிவிடுவார்.