அமைச்சர் எடுத்துப் போன கார்பன் தாள்

ஐம்பதுகளின் நடுவில் ஸ்ரீரங்கத்தில் ஒரு டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட்டில் வேலை பார்த்தேன். காலையில் பெண்களுக்குத் தட்டச்சு சொல்லிக்கொடுப்பேன். மற்ற நேரம், வருகிறவர்களுக்கு ஆங்கிலத்தில் மனு அடித்துத் தருவேன். அப்படி வந்தவர்தான் கொள்ளிடத்துக்கு அக்கரையில் நெல்லும் வாழையும் பயிரிட்டுக்கொண்டிருந்த அந்த விவசாயி. கெண்டைக்காலில் சேறு காய்ந்திருந்தது. மேலே இருக்கிறவர்கள் மதகை அடைத்துக்கொள்கிறார்கள், எங்கள் வயலுக்குத் தண்ணீர் வருவதில்லை என்று கலெக்டருக்கு எழுத வேண்டும் என்றார்.

அடித்து முடித்ததும் ஒவ்வொரு வரியையும் தமிழில் சொல்லச் சொன்னார். சொன்னேன்.

“இன்னொரு தரம் சொல்லுங்கம்மா” என்றார்.

அதோடு விடவில்லை. நேராகத் தபால் ஆபீசுக்குப் போய், நான் சொன்னதும் தாளில் இருப்பதும் ஒன்றுதானா என்று குமாஸ்தாவிடம் படித்துக் காட்டச் சொல்லியிருக்கிறார். குமாஸ்தாவே சிரித்துக்கொண்டு என்னிடம் சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. மற்றவர்களை இவ்வளவு சோதிக்கிற மனிதர் தான் எப்படிப்பட்டவராக இருப்பார் என்று அன்றைக்கு எனக்குள் விழுந்த சந்தேகம் பிறகு போகவே இல்லை.

தண்ணீர் வந்தது. பக்கத்து ஊர்க்காரர்களும் மனுவோடு அவர் பின்னால் வந்தார்கள். பஞ்சாயத்துத் தலைவரானார், பிறகு எம்.பி. ஆனார். அறுபதுகளின் தொடக்கத்தில் டில்லியில் மந்திரியே ஆகிவிட்டார். ஊரே அவர் வீட்டைக் கண்காணித்தது. ஓட்டு வீடு ஓட்டு வீடாகவே இருந்ததால், பங்களாவை டில்லியில் கட்டுகிறார் என்றார்கள். நானும் அதை நம்பினேன்.

ஒருநாள் மத்தியானம் இன்ஸ்டிடியூட் வாசலில் கார் வந்து நின்றது. மந்திரி தனியாக உள்ளே வந்து பழைய பெஞ்சிலேயே உட்கார்ந்தார். ஒரு கடிதம் அடிக்க வேண்டுமாம். டில்லியில் அவருக்கு எத்தனை டைப்பிஸ்டுகள்! இங்கே எதற்கு வருகிறார் என்று யோசித்துக்கொண்டே தாளை ஏற்றினேன்.

திருவெறும்பூர்ப் பக்கம் தொழிற்சாலைக்காக நிலம் எடுத்துக்கொண்டிருந்த நேரம் அது. நிலம் எடுக்கும் அதிகாரிக்குத்தான் கடிதம். குறிப்பிட்ட ஒரு தோட்டத்தில் நல்ல கிணறு இருக்கிறது, அதை மட்டும் விட்டுவிட வேண்டும் என்று அவர் தமிழில் சொல்லச் சொல்ல ஆங்கிலத்தில் அடித்தேன். சர்வே நம்பரை ஒரு துண்டுச் சீட்டைப் பார்த்துச் சொன்னார். கையெழுத்துப் போட்டார். நகலையும் வாங்கிக்கொண்டார். பிறகு கையை நீட்டினார்.

“அந்தக் கார்பனையும் குடுத்துடுங்கம்மா.”

புதுக் கார்பன். வெளிச்சத்தில் பிடித்தால் ஒவ்வோர் எழுத்தும் தெரியும். அதை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போனார்.

ஆனால் நம்பர் என் தலையில் பதிந்துவிட்டது. என் கணவர் ரயில்வேயில் இருந்தார். அவரோடு வேலை செய்தவர்களில் அந்த ஊர்க்காரர் ஒருவர் உண்டு. அவர் மூலம் விசாரித்ததில், தோட்டம் மந்திரியின் தங்கை வீட்டுக்காரருடையது என்று தெரிந்தது. பிடித்துவிட்டோம் என்று முதலில் எனக்குச் சந்தோஷமாகவே இருந்தது. எதிர்க்கட்சிக்காரர் ஒருவரிடம் சொல்லிவிடலாமா என்று பல நாள் யோசித்தேன். அடித்தது யார் என்ற கேள்வி வந்தால் வேலை போகும் என்று கணவர் தடுத்தார். பேசாமல் இருந்துவிட்டேன். மந்திரியின் குற்றத்தில் எனக்கும் பங்கு வந்துவிட்டது போல இருந்தது.

கடைசியில் அந்தத் தோட்டத்தையும் எடுத்துக்கொண்டார்கள். கிணற்றைத் தூர்த்து வேலி போட்டார்கள். எனக்கு ஒன்றும் புரியவில்லை.

அறுபதுகளின் கடைசியில் வந்த தேர்தலில் அவர் தோற்றார். சில மாதம் கழித்து மாம்பழச்சாலையில் பஸ்ஸுக்கு நின்றபோது பக்கத்தில் நின்றார். கையில் உரச்சாக்கு. என்னை அடையாளம் கண்டு சௌக்கியம் விசாரித்தார். மந்திரியாக இருந்தபோது கேட்கத் துணியாததைக் கேட்டுவிட்டேன்.

“அந்த லெட்டர் என்னாச்சுங்க ஐயா?”

சாக்கைக் கீழே இறக்கி வைத்தார்.

“அனுப்பலைங்கம்மா. தங்கச்சி அழுதுக்கிட்டே இருந்துச்சு. எழுதிட்டேன்னு காட்டணும்ல? காட்டிட்டு அடுப்புல போட்டுட்டேன். டில்லில அடிச்சிருந்தா அவனுங்களே அனுப்பிடுவானுங்க.”

தங்கைக்கு இது தெரியுமா என்றேன். தெரியாது, அண்ணன் எழுதியும் அதிகாரி கேட்கவில்லை என்றுதான் இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறாள் என்றார்.

பஸ் வந்ததும் சாக்கைத் தூக்கிக்கொண்டு ஏறினார். நான் ஏறவில்லை. அனுப்பி, அதிகாரி மறுத்திருந்தாலும் பதவி போன மனிதர் இதையேதான் சொல்வார். என் கணவரும் அப்படித்தான் சொன்னார். ஆனால் அந்தப் பழைய மந்திரியை நம்ப எனக்கு ஆசை இருந்தது. திருவெறும்பூர்ப் பக்கம் போய் அந்தத் தங்கையைப் பார்த்து விசாரிக்கலாமா என்றுகூட ஒரு வாரம் நினைத்துக்கொண்டிருந்தேன். அந்தப் பெண்ணுக்கு அண்ணன் மேல் இருந்த நம்பிக்கையையும் கெடுத்துவிடுவேனோ என்று தோன்றியது. போகவில்லை.