மேகத்துக்குள் ஒரு பூண்டு அறுவடை

ஆவணப்படக்காரன் பிழைப்பில் முக்கால்வாசி நேரம் வெளிச்சத்துக்குக் காத்திருப்பது, மிச்ச நேரம் "இது எந்த டிவியில வரும்?" என்பதற்குப் பதில் சொல்வது. கேமராவும் கையுமாக அலையும் என் சக பாவப்பட்ட ஜீவன்களே, கொடைக்கானல் மலையிலுள்ள வடகவுஞ்சியில் மலைப்பூண்டுப் படம் எடுக்கப் போய் நான் பட்ட பாட்டைக் கேளுங்கள்.

வெள்ளையடித்த அடுப்படி

படத்தின் நாயகி பூண்டு விவசாயி பேச்சியம்மாள் அக்கா. விதைப்பூண்டைக் கொத்துக் கொத்தாகக் கட்டி அடுப்புக்கு மேலே தொங்கவிட்டிருப்பார். புகை பட்டால் பூச்சி அண்டாது. கரி படிந்த சுவர், சுழலும் புகை... முதல் காட்சி இதுதான் என்று பார்த்த அன்றே முடிவு கட்டிவிட்டேன்.

கேமராவோடு போனால் அடுப்படி பளபளக்கிறது! சுண்ணாம்பு அடித்து, பூண்டையெல்லாம் அவிழ்த்துக் கட்டிலுக்கடியில் தள்ளி, சுவரில் புதுக் காலண்டர் வேறு. தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டேன். அக்காவுக்கு ஒன்றும் புரியவில்லை. "நாலு பேரு பாக்குற படத்துல அழுக்கு அடுப்படியக் காட்டினா, சம்பந்தி வீட்டுல என்னங்க நெனைப்பாக?"

ஒன் மோர்

ஒரு பூண்டைப் பிடுங்கிக் காட்டச் சொன்னேன். அழகாகப் பிடுங்கினார். "ஜீப் ஹார்ன் விழுந்துருச்சு சார், ஒன் மோர்" என்றார் ஒலிப்பதிவாளர் சகாயம். அடுத்ததில் என் ஃபோகஸ் போயிற்று. அதற்கடுத்ததில் நாய் குறுக்கே வந்தது. அக்கா இடுப்பில் கை வைத்து நிமிர்ந்தார். "ஒங்க மிஷினு சரியாகுற வரைக்கும் புடுங்கினா, பூண்டு படத்துல இருக்கும், காட்டுல இருக்காது தம்பி!"

மேகம் இறங்கிய காலை

அறுவடை நாள். படத்தின் உயிரே அந்தக் காட்சிதான். விட்டால் அடுத்த வெள்ளாமைக்குத்தான். வெயில் வரட்டும், கொஞ்சம் பொறுங்கள் என்று கெஞ்சினேன். அக்கா வானத்தைப் பார்த்தார். மழை விழுந்தால் முற்றின பூண்டு மண்ணிலேயே அழுகிவிடும், அவர் குடும்பமே அதை நம்பித்தான். வருவதாகச் சொன்ன ஆட்களிலும் பாதிப் பேரைக் காணோம். அதற்குள் மேகம் இறங்கி, எதிரே நிற்பவர் முகம் தெரியவில்லை.

அட போங்கய்யா படமும் ஆச்சு! ஓடிக்கொண்டிருந்த கேமராவுக்கு லென்ஸை மட்டும் விட்டு மழைக்கோட்டைப் போர்த்திவிட்டு, சகாயமும் நானும் பாத்தியில் இறங்கினோம். தூறல் விழுமுன் கடைசிச் சாக்கும் வீடு சேர்ந்தது. என் இடுப்பு ஒடிந்தாலும் மனசு குளிர்ந்திருந்தது. அதுவரை "வாங்க, போங்க" என்றிருந்த அக்கா, நான் பிடுங்கிய லட்சணத்தைப் பார்த்து மேகத்துக்குள்ளிருந்து போட்ட சத்தம் மட்டும் காதிலேயே நின்றது: "ஏலே, தாளப் பிச்சு எறியாத! அடியோட புடிச்சு வெரசா இழுலே!"

முன்வரிசையில் சம்பந்தி

ஊரில் வேட்டியைத் திரையாகக் கட்டிப் படம் போட்டேன். அறுவடை வந்ததும் திரை முழுக்க வெள்ளை. அக்கா சேலையில் குத்தியிருந்த மைக் பிடித்த குரல் மட்டும் அதட்டுகிறது. ஊரே விழுந்து விழுந்து சிரித்தது. முன்வரிசையில் சம்பந்தி வீட்டார் வேறு. நான் புரொஜெக்டருக்குப் பின்னால் பதுங்கினேன். அக்கா எழுந்து நின்றார். சிரிப்பை அடக்க முடியவில்லை அவருக்கும். "ஏன் தம்பி, பூண்டையும் காணோம், என்னையும் காணோம், நான் ஒங்கள வஞ்சது மட்டும் நல்லா கேக்குது!"

வெளிச்சத்துக்குக் காத்திருந்தே பாதி ஆயுளைக் கழித்த நான் எடுத்ததில், "இன்னொரு தடவ போடுங்க" என்று ஜனங்கள் கேட்ட ஒரே காட்சி, கண்ணுக்கு ஒன்றுமே தெரியாத அதுதான்.