நான் தள்ளி வைத்த படம்

மூன்று வருடத்துக்கு முந்தைய இலையுதிர் காலம். டென்மார்க்கின் ஓகூஸ் நகருக்கு வெளியே நான் துப்புரவு வேலை செய்யும் பழைய மாளிகையில் ஒரு வெளிநாட்டு ஜனாதிபதியும் மனைவியும் மூன்று நாள் தங்க வந்தார்கள். எங்களுக்குப் பின்படிதான் வழி. நான் குடியிருக்கும் இக்காஸ்ட் ஊரிலிருந்து கட்டிக்கொண்டு போகும் புட்டையும் சம்பலையும்கூடக் காவலர்கள் தினமும் திறந்து மணந்து பார்த்தார்கள். ஜனாதிபதியைவிட என் புட்டுக்குத்தான் கூடுதல் பாதுகாப்பு.

இரண்டாம் நாள் காலை அவர்கள் வெளியே போனதும் படுக்கையறைக்குப் போனேன். கட்டிலோர மேசையில் பூவும் மெழுகுதிரியும் வைக்கும்படி மேற்பார்வையாளர் சொல்லியிருந்தார். டெனிஷ்காரர் விருந்தாளியை அப்படித்தான் வரவேற்பார்கள். பார்த்தால், அந்த மேசையில் ஒரு இளம்பெண்ணின் படம். சைக்கிளைப் பிடித்தபடி சிரிக்கிறாள். என் மகளின் வயதுதான் இருக்கும். அந்தப் பிள்ளைக்கு முன்னால் பூவும் விளக்கும் வைக்க எனக்கு மனம் வரவில்லை.

விருந்தினரின் பொருளைத் தொடக்கூடாது என்பது முதல் விதி. கூட வேலை செய்யும் மன்னார்ப் பெண் பயந்துவிட்டாள்.

“அக்கா, தொடாதேங்கோ. வேலை போயிடும்.”

“போனாப் போகட்டும். உயிரோட இருக்கிற பிள்ளையடி.”

படத்தை ஜன்னலோரம் வைத்துவிட்டுப் பூவை மேசையில் வைத்தேன்.

மத்தியானம் மாளிகையே அமளிப்பட்டது. படத்தைக் காணவில்லையாம். திரைச்சீலை அதை மறைத்திருந்தது. காவலர்கள் எங்களை அந்தப் படுக்கையறையிலேயே வரிசையாக நிறுத்தியபோது காலையில் இருந்த வீறாப்பு எல்லாம் போய்விட்டது. நான்தான் எடுத்தேன் என்று ஜன்னலைக் காட்டினேன். ஏன் என்று ஜனாதிபதியின் மனைவியே கேட்டார். எங்கள் வழக்கத்தில் இறந்தவர்களின் படத்துக்குத்தான் பூவும் விளக்கும் வைப்போம், உங்கள் மகள் நன்றாக இருக்க வேண்டும் என்றுதான் தள்ளி வைத்தேன் என்று தெரிந்த ஆங்கிலத்தில் சொன்னேன்.

அவர் படத்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்துவிட்டார். மகள் இறந்து இரண்டு வருடம் என்றார். பிறகு படத்தை என்னிடம் நீட்டினார்.

“அப்படியென்றால், உங்கள் வழக்கப்படி நீங்களே வையுங்கள்.”

படத்தை மேசையில் வைத்து, பூவை முன்னால் நகர்த்தி, மெழுகுதிரியை ஏற்றினேன். இரண்டு பேரும் அழுதோம். அடுத்த நாள் மேற்பார்வையாளர் எச்சரிக்கைக் கடிதம் தந்தார், அது நியாயம்தான்.

ஆனாலும் அந்த ஒரு காலை முழுவதும் அவர் மகள் எனக்கு உயிரோடு இருந்தாள் என்பதை நினைக்கும்போது, விதியை மீறியதற்காக இன்றுவரை என்னால் வருந்த முடியவில்லை.