மாப்பிள்ளைக்கு என்ன வேலை?

அறுபத்தைந்து பாகிஸ்தான் சண்டை முடிந்த மறு வருஷம், ஆனி மாதம். குற்றாலத்தில் சாரல் தொடங்கியிருந்தது. தென்காசியில் எங்கள் வீட்டுக்கு என்னைப் பெண் பார்க்க வந்தார்கள். எனக்கு இருபது வயது. அப்பா கடைத்தெருவில் இரும்புக் கடை வைத்திருந்தார். மாப்பிள்ளை பக்கத்தில் இலஞ்சிக்காரர். விமானப்படையில் இருக்கிறார், ஒரு மாத லீவில் வந்திருக்கிறார் என்பது மட்டும்தான் எங்களுக்குத் தெரியும்.

காபி கொடுத்துவிட்டு உள்ளே வந்து கதவோரம் நின்றுகொண்டேன். அப்பா ஆரம்பித்தார்.

"தம்பி எந்த ஊர்ல இருக்கிய?"

"வடக்க இருக்கேன் மாமா. ஊர் பேரு சொல்லக் கூடாது."

"சரி, பிளேன் ஓட்டுதியளோ?"

"இல்ல மாமா."

"ரிப்பேர் பாக்குதியளோ?"

"அதுவும் இல்ல."

"பின்ன என்னதான் வேலை?"

"வெளிய சொல்ல மாட்டோம்னு கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்கோம் மாமா. தப்பா நெனைக்காதிய."

மாப்பிள்ளையின் அம்மா சங்கடத்தோடு, "எங்கிட்டயே சொல்ல மாட்டேங்கான்" என்றார். அப்பாவின் முகம் சுருங்கிவிட்டது.

என் தாய்மாமன் மட்டும் விடுவதாக இல்லை. "நான் கறந்திருதேன்" என்று சவால் விட்டு, மறுநாள் மாப்பிள்ளையை ஐந்தருவிக்குக் குளிக்கக் கூட்டிப் போனார். மத்தியானம் தலை ஈரத்தோடு திரும்பி வந்த மாமா திண்டாடிப் போயிருந்தார். "என்ன கேட்டாலும் தலையத் துவட்டிக்கிட்டே சிரிக்கான் அத்தான். கடைசில, வேலை என்னன்னு சொன்னாத்தான் பொண்ணுன்னு சொல்லிப் பாத்தேன். 'அப்போ எனக்குக் குடுத்து வைக்கலன்னு நெனச்சிக்கிடுதேன்'ங்கான்!"

"சமையக்காரனாத்தான் இருப்பான். அதான் மறைக்கான்" என்றார் அப்பா. "முன்னால பாத்துட்டுப் போன வாசுதேவநல்லூர் மாப்பிள்ளைக்கே சரின்னு சொல்லிருவோம். அவனுக்கு வயக்காடாவது இருக்கு."

அதுவரை பெரியவர்கள் பேசும் இடத்தில் நான் ஒரு வார்த்தை பேசியதில்லை. அன்று எப்படித்தான் வந்தேனோ, அப்பா முன்னால் வந்து நின்றுவிட்டேன்.

"அப்பா, நான் இலஞ்சிக்காரரையே கட்டிக்கிடுதேன்."

"ஏட்டி, அவன் என்ன வேலை பாக்கான்னே தெரியலயே!"

"பிளேன் ஓட்டுதேன்னு ஒரு பொய் சொல்லிருந்தா நாம நம்பிருப்போம்லா? கல்யாணம் நின்னு போகும்னு தெரிஞ்சும் அவர் சொல்லலயே அப்பா."

மாமாதான் முதலில் சிரித்தார். "அத்தான், பிள்ள சொல்லுதது நெசந்தான்." அப்பா இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள் நிச்சயத்துக்கு நாள் பார்க்கப் போனார்.

இலஞ்சி முருகன் கோயிலில் கல்யாணம். பத்தே நாளில் என்னை அப்பா வீட்டில் விட்டுவிட்டு அவர் ரயிலேறிவிட்டார். கடிதத்தில் ஊர் இருக்காது, ஒரு நம்பர்தான் இருக்கும். "ஒம் வீட்டுக்காரருக்கு என்னட்டி வேலை?" என்று கேட்காத ஆள் தெருவில் இல்லை. சமையல்காரர் என்ற பேச்சும் என் காதுபடவே நடந்தது. சில நாள் அழுகை வரும். ஆனால் ஒருநாளும் அவரைக் கேட்டு எழுதவில்லை.

சில வருஷம் கழித்து ஒரு காலை, கடையைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு அப்பா வேர்க்க விறுவிறுக்க வீட்டுக்கு ஓடி வந்தார். கையில் பேப்பர். டெல்லி அணிவகுப்புப் படம். நீளமான வண்டி ஒன்றின்மேல் பெரிய ராக்கெட் சாய்ந்து கிடந்தது. முன்னால் விறைப்பாக உட்கார்ந்திருந்த வீரர்களில் ஒருவர், என்னவர்!

"ஏட்டி, ஒம் மாப்பிள்ளை சமையக்காரன் இல்லட்டி! ராக்கெட்டுக்காரன்!"

அப்பாவுக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. அன்று கடைக்கு ஆணி வாங்க வந்தவர்களுக்குக்கூட மிட்டாய் கொடுத்தார். ஐந்தருவிக் கதையை மாமா தென்காசி முழுக்கச் சொல்லித் திரிந்தார். தெருவில் யாரும் அதற்குப் பிறகு சமையல் பேச்சை எடுக்கவில்லை.

மீதிக் கதையை என்னவர் ஓய்வு பெற்ற பிறகுதான் சொன்னார். எதிரி விமானங்களைத் தரையிலிருந்தே சுட்டு வீழ்த்தும் ஏவுகணைப் பிரிவு அது. அப்போதுதான் புதிதாக உருவாகியிருந்தது. சோவியத் நாட்டிலிருந்து பெட்டி பெட்டியாக வந்து இறங்கிய இயந்திரங்களில் என்ன எழுதியிருக்கிறது என்றே இவர்களுக்குப் புரியாதாம். கூடாரத்தில் உட்கார்ந்து ரஷ்ய எழுத்துகளை எழுத்துக்கூட்டிப் படித்து, ஒவ்வொரு கம்பியாகப் பழகியிருக்கிறார்கள். முதல் பயிற்சியில் ஏவுகணை சீறிப் போய் இலக்கைச் சிதறடித்தபோது ஒருவரையொருவர் கட்டிக்கொண்டு கத்தினார்களாம். அந்த வாரம் எனக்கு வந்த கடிதத்தில், "இங்கே வெயில் அதிகம். சாப்பாடு பரவாயில்லை" என்று மட்டும்தான் இருந்தது!

அந்தப் படம் வந்த நாளில் ஊரே என்னைக் கொண்டாடியது உண்மைதான். ஆனால் அதற்கு வெகுகாலம் முன்பே, ஒன்றுமே தெரியாமல், அந்த மனிதரின் நேர்மையை மட்டும் பார்த்து என் வாழ்க்கையை நானே முடிவு செய்தேன் என்பதுதான், இன்று நினைத்தாலும் என்னைத் தலை நிமிர வைக்கிறது.